'பதினெட்டாவது அட்சக்கோடு' இலங்கையில் எங்கே கிடைக்கும்?

வணக்கம். ஹட்டனிலிருந்து எழுதுகிறேன். அசோகமித்திரனின் 'பதினெட்டாவது அட்சக்கோடு' நாவல் அவசரமாகத் தேவை. 1977இல் வந்த நாவல். எந்தப் பதிப்பானாலும் சரி.

உயர்தர வகுப்புப் பிள்ளைகள் சிலரோடு ஞாயிறுகளில் சேர்ந்து வாசிக்கிறோம். கையில் இருப்பது ஒரே ஒரு பழைய பிரதி. இங்கத்தைய ஈரத்தில் பூஞ்சணம் பிடித்து, கடைசிப் பக்கங்கள் ஒன்றோடொன்று ஒட்டிவிட்டன. மெதுவாகப் பிரித்தாலும் எழுத்து அடுத்த பக்கத்தோடு உரிந்து வருகிறது. வெயிலில் வைத்தும் பார்த்தாயிற்று.

கதை செகந்திராபாத்தில் நடக்கிறது. லான்சர் பாரக்ஸ் குடியிருப்பு, கிரிக்கெட், வீட்டு மாடு என்று போய்க்கொண்டிருக்கும் ஒரு தமிழ்ப் பையனின் நாட்களுக்குள் ஹைதராபாத் நிஜாமுக்காக ஆயுதம் ஏந்திய ரஜாக்கர்களும், அந்தச் சமஸ்தானத்தை இந்தியாவோடு இணைத்த 1948 செப்டம்பர் இராணுவ நடவடிக்கையும் வந்து விழுகின்றன. அதே 1948இல்தான் இங்கே குடியுரிமைச் சட்டம் வந்து மலையகத் தமிழரான நம் தாத்தா பாட்டிமாரை நாடற்றவர்களாக்கியது. பிள்ளைகள் அதைப் பிடித்துக்கொண்டு அவ்வளவு கேள்வி கேட்கிறார்கள்! பாதியில் நிறுத்த எனக்கு மனமில்லை.

ஹட்டன், நுவரெலியா கடைகளில் இல்லை. கண்டியில் தேடியாயிற்று, பொது நூலகத்திலும் கேட்டேன். கொழும்பில் ஒரு கடையில் "வந்தால் சொல்கிறோம்" என்றார்கள், அப்புறம் பதிலே இல்லை. சென்னையிலிருந்து வரவழைக்கலாம்தான்; ஆனால் தபால் செலவு புத்தக விலையைத் தாண்டுகிறது. டிசம்பர் விடுமுறைக்குப் பிள்ளைகள் ஊருக்குப் போகும் முன் முடிக்க வேண்டும்.

இலங்கைக்குள் இந்த நாவல் இப்போது எந்தக் கடையில், அல்லது யாரிடம் இரவலாகக் கிடைக்கும்?