ஸ்கோலிமோவ்ஸ்கி வெறும் வசனகர்த்தாவா?

மூன்றாம்வரிசை:
போலந்து இயக்குநர் ஸ்கோலிமோவ்ஸ்கி பற்றிப் போன வாரம் கல்லணை இங்கே எழுதியது: “யெர்சி ஸ்கோலிமோவ்ஸ்கி அடிப்படையில் ஒரு வசனகர்த்தா. இயக்குநர் போலன்ஸ்கிக்கு எழுதிக் கொடுத்த பெயரிலேயே காலம் தள்ளியவர்.” படித்ததிலிருந்து மனசு ஆறவில்லை. கவிதை எழுதியவர், குத்துச்சண்டை போட்டவர், நடித்தவர், ஓவியம் வரைந்தவர். போலந்தின் வூச் நகரத் திரைப்படப் பள்ளியில் பயிற்சிக்குக் கொடுத்த பிலிமைச் சேர்த்து வைத்தே முதல் முழுநீளப் படத்தை முடித்தவர். 1967இல் ‘லெ தெபார்’ படத்துக்கு பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி விருது. இவரா வெறும் வசனகர்த்தா?

கல்லணை:
1991க்கும் 2008க்கும் நடுவில் என்ன படம் எடுத்தார்? 17 வருடம். அதற்கு முதலில் பதில் சொல்லுங்கள்.

மூன்றாம்வரிசை:
போலந்து எழுத்தாளர் கோம்ப்ரோவிச்சின் நாவலை வைத்து 1991இல் எடுத்த படம் அவருக்கே பிடிக்கவில்லை. ஒதுங்கிப்போய் ஓவியம் வரைந்தார். சொந்தப் படத்தைப் பிடிக்கவில்லை என்று விலகுவதற்கு நெஞ்சுரம் வேண்டும்.

கல்லணை:
வரைந்தால் ஓவியர். நான் கேட்டது இயக்குநரை. 17 வருடம்.

பாதிஇரவு:
ஒரு திருத்தம். அது ஸ்கோலிமோஃப்ஸ்கி. போலந்துக்காரர்கள் அந்த இடத்தில் ‘ஃப்’ என்றுதான் சொல்வார்கள்.

மூன்றாம்வரிசை:
இன்னொரு போலந்து இயக்குநர் கீஸ்லோவ்ஸ்கி பற்றிய திரியையும் இப்படித்தான் கெடுத்தீர்கள்.

பாதிஇரவு:
அங்கேயும் நான் சொன்னதுதான் சரி. நீங்கள்தான் கடைசிவரை ஒப்புக்கொள்ளவில்லை.

மூன்றாம்வரிசை:
உச்சரிப்பை அப்புறம் பார்க்கலாம். கல்லணை, 1967இல் ‘ஹேண்ட்ஸ் அப்’ எடுத்தார். அதில் ஸ்டாலின் உருவப்படத்துக்கு இரண்டு ஜோடிக் கண்கள். போலந்து அரசு தடை செய்தது, 1981 வரை வெளிவரவில்லை. அவரும் வெளிநாடு போய்ப் படம் எடுக்க வேண்டியதாயிற்று. 17 வருடத்தை விரல்விட்டு எண்ணுகிற நீங்கள், பெட்டிக்குள் கிடந்த இந்த 14 வருடத்தை ஏன் எண்ணவில்லை? 1981 டிசம்பரில் போலந்தில் இராணுவச் சட்டம் வந்தது. லண்டனில் வீட்டு வேலைக்கு வந்து மாட்டிக்கொண்ட போலந்துத் தொழிலாளிகளை வைத்து ‘மூன்லைட்டிங்’ எடுத்தார். அடுத்த வருடமே அது கான் விழாவில் ஓடியது, சிறந்த திரைக்கதைக்கான விருதும் வாங்கியது.

கல்லணை:
திரைக்கதைக்கு! நான் சொன்னதும் அதுதானே. அவர் எழுத்தாளர்.

மூன்றாம்வரிசை:
இயக்கியதும் அவர்தான்! 2010இல் ‘எசென்ஷியல் கில்லிங்’. நாயகன் ஒரு வார்த்தை பேசுவதில்லை, வெனிஸில் நடுவர் சிறப்புப் பரிசு. வசனமே இல்லாத நாயகனை வைத்து ஜெயித்தவரை வசனகர்த்தா என்கிறீர்கள். 2022இல், 84 வயதில், ஒரு கழுதையை நாயகனாக்கி ‘இஓ’ எடுத்தார். ஆறு கழுதைகள் அந்த ஒரு வேடத்தில் நடித்தன. கானில் நடுவர் பரிசு. இன்னும் என்ன வேண்டும்?

டூரிங்டாக்கீஸ்:
ஹாலிவுட்டின் ‘அவெஞ்சர்ஸ்’ படத் தொடக்கத்தில் நாயகி பிளாக் விடோவை நாற்காலியில் கட்டிவைத்து விசாரிக்கும் ரஷ்யக்காரர் இவர்தானே?

மூன்றாம்வரிசை:
ஆமாம், அவரேதான்.

கல்லணை:
பாருங்கள், ஆளுக்கு முதலில் ஞாபகம் வருவது நடிகர். இயக்குநர் எங்கே? 17 வருடத்துக்கு இன்னும் பதில் வரவில்லை.

மூன்றாம்வரிசை:
மூன்று முறை சொல்லிவிட்டேன். ‘இஓ’ பார்த்தீர்களா, இல்லையா? அதை மட்டும் சொல்லுங்கள்.

கல்லணை:
நான் பார்த்தேனா என்பது இங்கே பேச்சில்லை.

பாதிஇரவு:
தலைப்பையாவது ஸ்கோலிமோஃப்ஸ்கி என்று மாற்றுங்கள்.