கடல் இருந்தபோது கப்பல் இல்லை

குழு: மேலத்தெரு வீடு
ஞாயிற்றுக்கிழமை

முரளி மாமா, காலை 7:12
(பலமுறை பகிரப்பட்டது) உங்களுக்குத் தெரியுமா? கடலே இல்லாமல் கடற்படை வைத்திருக்கும் உலகின் ஒரே நாடு பொலிவியா!! அங்கே மாலுமிகள் சும்மா உட்கார்ந்து சம்பளம் வாங்குகிறார்கள்!! பத்துப் பேருக்கு அனுப்புங்கள்.

கீர்த்தனா, 7:20
மாமா, 'ஒரே நாடு' தப்பு. பக்கத்திலேயே பராகுவே இருக்கிறது. அதற்கும் கடல் இல்லை, கடற்படை உண்டு. போன மாதம் மாதிரித் தேர்வில் இதில்தான் ஒரு மார்க் போச்சு.

முரளி மாமா, 7:22
ஒன்றோ இரண்டோ, கடல் இல்லாதவனுக்குக் கப்பல் எதற்கு? அதைச் சொல்லு.

பெரியப்பா, 7:41
சும்மா உட்கார்ந்திருக்கிறார்கள் என்று யார் சொன்னது முரளி? பொலிவியாவுக்கும் பெருவுக்கும் நடுவில் டிட்டிகாக்கா ஏரி இருக்கிறது. கடல் மட்டத்திலிருந்து 3,800 மீட்டருக்கு மேலே. நம் தொட்டபெட்டா சிகரமே 2,637 மீட்டர்தான். அவ்வளவு உயரத்தில் அவர்களுடைய படகுகள் ஓடுகின்றன. கிழக்கே அமேசானில் போய்ச் சேரும் ஆறுகள் வேறு. கடத்தல்காரர்களைப் பிடிப்பது, வெள்ளத்தில் ஆட்களை மீட்பது எல்லாம் இவர்கள் வேலை.
ஆனால் விஷயம் அது இல்லை. அவர்களுக்குக் கடல் இருந்தது. 1879 வரை.

கீர்த்தனா, 7:43
இருந்ததா? என் கைடில் 'நிலத்தால் சூழப்பட்ட நாடு' என்று ஒரு வரிதான் போட்டிருக்கிறது.

செந்தில் அண்ணன், 7:50
பெரியப்பா, சொல்லுங்கள். ஞாயிற்றுக்கிழமை, வேலை இல்லை.

பெரியப்பா, 8:14
கண்ணாடி போட்டுத் தட்டுகிறேன், பொறுமை.
இன்று வட சிலியில் இருக்கிற அந்தோஃபகாஸ்தா அப்போது பொலிவியாவின் துறைமுகம். ஏறக்குறைய 400 கிலோமீட்டர் கடற்கரை. பின்னால் அட்டகாமா பாலைவனம், மழை என்பதே அபூர்வம். அங்கே போய் யார் சண்டை போடுவார்கள் என்று தோன்றும். ஆனால் அந்த மண்ணில் வெடியுப்பு இருந்தது. உரத்துக்கும் வெடிமருந்துக்கும் ஐரோப்பாவே அதற்காக அலைந்த காலம்.
தோண்டியது சிலிக் கம்பெனி, போட்டதில் ஆங்கிலேயர் பணமும் உண்டு. 25 வருடத்துக்குப் புது வரி போட மாட்டோம் என்று 1874இல் பொலிவியா ஒப்பந்தம் போட்டது. 1878இல் ஒரு குவிண்டாலுக்கு 10 சென்டாவோ வரி போட்டது. அங்கே குவிண்டால் என்றால் நம்முடைய 100 கிலோ இல்லை, 46 கிலோ.

முரளி மாமா, 8:16
பத்துப் பைசா மாதிரியா?

பெரியப்பா, 8:25
அப்படி வைத்துக்கொள். கம்பெனி கட்ட மறுத்தது. சொத்தைப் பறித்து ஏலம் போடுகிறோம் என்றது பொலிவியா. ஏலம் நடக்க வேண்டிய நாள் 1879 பிப்ரவரி 14. அன்றைக்கே சிலிப் படை வந்து அந்தோஃபகாஸ்தாவில் இறங்கிவிட்டது.
பொலிவியாவும் பெருவும் 1873இல் ரகசிய உடன்படிக்கை செய்திருந்ததால் பெருவும் மாட்டிக்கொண்டது. இப்போது முரளிக்கு ஒரு கேள்வி. அந்த நேரத்தில் பொலிவியாவிடம் எத்தனை போர்க்கப்பல்?

முரளி மாமா, 8:26
பத்து?

பெரியப்பா, 8:27
பூஜ்யம்.

செந்தில் அண்ணன், 8:28
அப்போ கடல் இருந்தபோது கப்பல் இல்லை. கடல் போன பிறகு கடற்படை!

பெரியப்பா, 8:36
அதேதான். கடல் சண்டை முழுக்க பெருவின் தலையில் விழுந்தது. அவர்களுடைய ஹுவாஸ்கார் என்ற இரும்புக் கவசக் கப்பல் சில மாதம் சிலியைப் படாதபாடு படுத்தியது. அக்டோபரில் அதையும் பிடித்துவிட்டார்கள். இன்றைக்கும் சிலியில் அருங்காட்சியகமாக மிதக்கிறது. 1881 ஜனவரியில் பெருவின் தலைநகர் லிமாவே சிலியின் கையில்.

கீர்த்தனா, 8:38
பொலிவியா சண்டையே போடவில்லையா?

பெரியப்பா, 8:47
போட்டது. 1879 மார்ச் 23, கலாமா என்ற ஊர். எதுவார்தோ அபரோவா என்று ஒருவர், பட்டாளத்துக்காரர் இல்லை, பொறியாளர். சிறு கூட்டத்தோடு பாலத்தைக் காத்து நின்றார். சரணடையச் சொன்னதற்கு, "நானா சரணடைவது? உன் பாட்டி சரணடையட்டும்" என்றாராம். சுட்டுக் கொன்றுவிட்டார்கள். பள்ளிப் பிள்ளைகளுக்கெல்லாம் அந்த வரி மனப்பாடம். மார்ச் 23தான் அங்கே கடல் தினம், வருடா வருடம் ஊர்வலம்.

ஆச்சி (சிவா தட்டுகிறேன், ஆச்சி சொல்லச் சொல்ல), 8:52
சண்டை போடுறது இவனுங்க. இதில் பாட்டியை எதுக்கு இழுக்கான்? அவள் பாட்டுக்கு வீட்டில் கிடக்கா.

செந்தில் அண்ணன், 8:53
ஆச்சி 😂

செந்தில் அண்ணன், 9:05
துறைமுகம் போனால் என்ன நஷ்டம் என்று என்னிடம் கேளுங்கள். தூத்துக்குடியில் பேப்பரில் ஒரு எழுத்து தப்பினாலே பெட்டி யார்டில் நின்று டெமரேஜ், அதாவது தாமதக் கட்டணம், ஏறும், பார்ட்டி போனில் கத்துவார். அதுவும் நம் நாட்டுத் துறைமுகத்தில். இவர்களுக்கு ஒவ்வொரு கண்டெய்னரும் அடுத்த நாட்டுத் துறைமுகத்தில் இறங்கி, அப்புறம் ஆண்டிஸ் மலை ஏறி வர வேண்டும். அங்கே ஸ்டிரைக் என்றால் இங்கே கடை காலி.

பெரியப்பா, 9:13
சரியாகச் சொன்னாய். 1904 உடன்படிக்கையில் கடற்கரை சிலிக்கு என்று பொலிவியா கையெழுத்துப் போட்டது. பதிலுக்கு அரிகா துறைமுகத்திலிருந்து பொலிவியாவின் லா பாஸுக்கு சிலி ரயில் பாதை போட்டுக் கொடுத்தது, 1913இல் ஓடியது. சரக்குக்குத் தடையில்லாமல் வழி உண்டு. ஆனால் வழி வேறு, வாசல் வேறு இல்லையா?
போனது உப்பு மட்டும் இல்லை. கலாமாவுக்குப் பக்கத்தில்தான் சுக்கிகமாட்டா, உலகின் மிகப் பெரிய செம்புச் சுரங்கங்களில் ஒன்று. அதுவும் சிலிக்கு.

கீர்த்தனா, 9:15
கோர்ட்டுக்குப் போகவில்லையா?

பெரியப்பா, 9:22
போனார்கள், 2013இல், ஹேக் சர்வதேச நீதிமன்றத்துக்கு. கடலைக் கொடு என்றுகூட இல்லை, எங்களோடு உட்கார்ந்து பேச சிலிக்குக் கடமை உண்டு என்று சொல்லுங்கள் என்றுதான் கேட்டார்கள். 2018 அக்டோபர் 1, 12க்கு 3 என்று தீர்ப்பு. அப்படிக் கடமை இல்லை.

முரளி மாமா, 9:24
அட பாவமே.

பெரியப்பா, 9:29
பெரு மட்டும் 1992இல் தன் இலோ துறைமுகத்துப் பக்கம் 5 கிலோமீட்டர் கடற்கரையை 99 வருடத்துக்குப் பயன்படுத்தக் கொடுத்தது. அங்கே துறைமுகம் எதுவும் எழும்பவில்லை.
உன் கடற்படை 1963இல் உருவானது முரளி. கடல் போய் எண்பது வருடத்துக்கு மேல் ஆன பிறகு.

கீர்த்தனா, 9:31
பெரியப்பா, தலைநகரம் லா பாஸா சுக்ரேயா? அதிலும் குழப்புகிறார்கள்.

பெரியப்பா, 9:34
அரசியல் சாசனப்படி சுக்ரே. அரசாங்கம் நடப்பது லா பாஸில். கேள்வியை நன்றாகப் படித்துவிட்டு எழுது. எனக்கு இட்லி ஆறுகிறது.

(முரளி மாமா அனுப்பிய செய்தி நீக்கப்பட்டது)

முரளி மாமா, 9:48
உங்களுக்குத் தெரியுமா? கடல் இருந்தபோது போர்க்கப்பல் இல்லை, கடல் போன பிறகு கடற்படை! 1897இல் பத்துப் பைசா வரியால் கடலை இழந்த பொலிவியா!! பத்துப் பேருக்கு அனுப்புங்கள்.

கீர்த்தனா, 9:49
மாமா, 1879.

முரளி மாமா, 9:51
நாலு குரூப்புக்குப் போயாச்சும்மா.