பொருள்: ஜே கட், எல் கட் – தமிழில் என்ன சொல்வது?

பத்து காஜா வாத்தியார்:
வணக்கம். சனிக்கிழமைகளில் தோட்டத்துப் பிள்ளைகளுக்குப் படத்தொகுப்பு சொல்லித் தருகிறோம். கையேடு திங்களன்று அச்சுக்குப் போகிறது. பயிற்சிக்கு, மலேசியாவின் பத்து காஜாவுக்குப் பக்கத்திலிருக்கும் கெல்லி மாளிகையை எடுத்துக்கொண்டோம். 1915-இல் கட்டத் தொடங்கி, 1926-இல் வில்லியம் கெல்லி ஸ்மித் லிஸ்பனில் இறந்ததும் அரைகுறையாக நின்றுபோன வீடு.

பழைய வீட்டைப் படமெடுத்தால் ஒரு தொல்லை, கட்டிடம் அசையாது. அடுத்த இடத்துக்கு நம்மைக் கூட்டிப்போவது சத்தம்தான். ஆளில்லாத மாடிப்படி திரையில் இருக்கும்போதே கோயில் மணி கேட்கிறது. அதன் பிறகே மாரியம்மன் கோயில் கூரையில் சாமிகளோடு நிற்கும் ஸ்மித் துரையின் சிலை தெரிகிறது. இது ஜே கட். படம் மாறியும் பழைய சத்தம் தொடர்ந்தால் எல் கட். சொல் கொடுங்கள்.

ஈப்போ புலவர்:
முந்தொலி வெட்டு, நீளொலி வெட்டு. இரண்டும் வினைத்தொகை, ஊறுகாய் மாதிரி முக்காலத்துக்கும் கெடாது.

லயத்து வீட்டுக்காரன்:
ஐயா, வெட்டு மட்டும் வேண்டாம். எங்கள் பக்கம் வெட்டு என்றால் பால்மரம்தான், அதாவது ரப்பர் மரம். விடியுமுன் பெரட்டுக்கு (ஆள்கணக்கு எடுக்குமிடத்துக்கு)ப் போய், நிரை நிரையாகச் சீவி, மங்கில் (கிண்ணத்தில்) பால் எடுத்தவர் எங்கம்மா. ‘நீளொலி வெட்டு’ என்றால் எந்த நிரையில் என்று கேட்பார்.

கிள்ளான் டீச்சர்:
இவ்வளவு எதற்கு? கணினியில் படத் தடம் மேலே, ஒலித் தடம் கீழே. எல் கட்டில் ஒலி மட்டும் வலப்பக்கம் நீண்டு நிற்கும். அது அப்படியே நம் ‘ட’ தானே? டகர வெட்டு. பிள்ளைகள் பார்த்ததும் பிடித்துக்கொள்வார்கள்.

ஈப்போ புலவர்:
அப்போது ஜே கட்டுக்கு என்ன, கண்ணாடியில் பார்த்த டகரமா? அதோடு டகரம் மொழிக்கு முதலில் வராது அம்மா.

கிள்ளான் டீச்சர்:
‘டகரம்’ என்ற சொல்லே டகரத்தில்தானே தொடங்குகிறது ஐயா?

ஈப்போ புலவர்:
எழுத்து தன் பெயரைச் சொல்லும்போது தொல்காப்பியரே விலக்கு கொடுத்திருக்கிறார். நிற்க. ‘முந்து’ என்றதும் முந்திரி நினைவுக்கு வருகிறது. பழைய கணக்கில் முந்திரி என்றால் 320-ல் ஒரு பங்கு. ஒலி முந்தும் அளவை முந்திரிக் கணக்கில் சொன்னால் என்ன?

லயத்து வீட்டுக்காரன்:
வினாடிக்கு 25 பிரேம்தான் ஐயா. உங்கள் முந்திரி ஒரு பிரேமுக்குள்ளேயே தொலைந்துபோகும்.

பத்து காஜா வாத்தியார்:
அச்சகத்துக்காரர் போன் செய்துவிட்டார். வெட்டை எடுத்துவிட்டு முந்தொலி, நீளொலி என்று போடுகிறேன், அடைப்புக்குறிக்குள் ஜே கட், எல் கட். மறுப்பு இருந்தால் இன்றிரவுக்குள்.

கிள்ளான் டீச்சர்:
கையேட்டில் எதையும் போடுங்கள் சார். என் வகுப்பில் டகர வெட்டுதான்.

ஈப்போ புலவர்:
முந்திரியைப் பற்றி யாரும் பதில் சொல்லவில்லை.