கே. அஸ்வத்தம்மா: மறக்கப்பட்டவரா, மிகையாகப் புகழப்படுகிறவரா?

கொட்டகைவாசி:
1937-இல் வெளிவந்த 'சிந்தாமணி' படத்தைப் பற்றி யார் எழுதினாலும் நாயகன் எம்.கே. தியாகராஜ பாகவதரில் தொடங்கிப் பாட்டெழுதிய பாபநாசம் சிவனில் முடித்துவிடுகிறார்கள். படத்தின் தலைப்போ ஒரு தாசியின் பெயர். அந்த வேடம் ஏற்ற கே. அஸ்வத்தம்மாவுக்கு அரை வரி ஒதுக்கினாலே பெரிது. ஓராண்டைத் தாண்டி ஓடிய அப்படத்தின் வருவாயில் மதுரையில் 'சிந்தாமணி' என்ற பெயரிலேயே ஒரு திரையரங்கு எழும்பியது. வேடத்தின் பெயரை ஊரே சொல்லிக்கொண்டிருக்க, அதைத் தாங்கி நடித்தவரை வரலாறு கைகழுவியது அநீதி என்பதே என் கருத்து.

பழம்பாட்டு:
அநீதி என்பது பெரிய சொல். அஸ்வத்தம்மா கன்னட நாடக மேடையில் வளர்ந்தவர். 1935-இல் கன்னடத்தில் 'சதாரமே', தமிழில் 'சிந்தாமணி', 1939-இல் 'சாந்த சக்குபாய்' என்று விரல்விட்டு எண்ணக்கூடிய படங்களே அவர் கணக்கில் உள்ளன. அதற்குள் 1944-இல் காசநோய் அவரைக் கொண்டுபோய்விட்டது. அந்நோய்க்கு முதல் பயனுள்ள மருந்தான ஸ்ட்ரெப்டோமைசின் கண்டறியப்பட்டதே 1943-இல்தான். அது நம் நாட்டு நோயாளிகளை எட்டும்வரை காத்திருக்க அவருக்கு ஆயுள் இல்லை. காலம் செய்த கொடுமைக்கு எழுத்தாளர்களைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவானேன்? மேலும், மக்கள் திரும்பத் திரும்பக் கொட்டகைக்குப் போனது பாகவதரின் பாட்டுக்காக என்பதை நீங்களும் மறுக்கமாட்டீர்கள்.

கொட்டகைவாசி:
பாட்டை நான் மறுக்கவில்லை. 'ராதே உனக்குக் கோபம் ஆகாதடி' என்று பாகவதர் கெஞ்சுகிறார். ஊடி நிற்பவள் ஒருத்தி இல்லாமல் அந்தக் கெஞ்சலுக்கு ஏது அழகு? கதையையும் சற்று நினைத்துப் பாருங்கள். அவள்மேல் மோகம் தலைக்கேறிய பில்வமங்கனை (பாகவதர் ஏற்ற வேடம்) ஒரு சொல்லால் உலுக்கிக் கண்ணன் பக்கம் திருப்புகிறவள் சிந்தாமணிதான். தாசியாகவும் பக்தையாகவும் ஒரே முகத்தில் நம்பவைக்க வேண்டிய அவ்வேடத்தை, பின்னணிப் பாடகியின் துணை கிடைக்காத காலத்தில், தாய்மொழியல்லாத தமிழில் பேசியும் பாடியும் அவர் சுமந்திருக்கிறார்.

பழம்பாட்டு:
சொந்தக் குரலில் பாடுவது அன்று எல்லா நாயகிகளுக்கும் இருந்த கட்டாயம். அதைத் தனிச் சாதனையாக்க வேண்டாம். அதே 1937-இல் 'அம்பிகாபதி'யில் எம்.ஆர். சந்தானலட்சுமியும் பாகவதரோடு நடித்தார்; அப்படமும் அமோகமாக ஓடியது. நாயகி மாறியும் வெற்றி மாறவில்லை என்றால், அந்த வெற்றிக்கு யார் காரணம் என்று நான் விளக்க வேண்டியதில்லை.

மேடைநிழல்:
இருவரும் பாகவதரையே சுற்றி வருவதால் குறுக்கிடுகிறேன். 'சாந்த சக்குபாய்' படத்தில் பாகவதர் இல்லை. மாமியார் கொடுமையில் உழலும் மருமகள், பண்டரிபுரத்து விட்டலன் மேல் வைத்த பக்தியால் மீளும் கதை அது. தாங்குவதும் சக்குபாய் வேடம் ஒன்றே. பாகவதரின் பாட்டுப் புகழ் துணைக்கு வராத ஒரு படத்தை அஸ்வத்தம்மாவை முன்னிறுத்தி எடுக்க முதல் போட்டவர்கள் துணிந்தார்கள் என்றால், வியாபாரிகள் அவரைத் துணை ஆபரணமாக எண்ணவில்லை என்றுதானே பொருள்? (நம் விமர்சகர்களைவிட முதலாளிகள் சில நேரம் நல்ல ரசிகர்கள்.)

பழம்பாட்டு:
வலுவான வாதம், ஆயினும் சக்குபாய் கதை முன்பே பலருக்குத் தெரிந்த பக்திக் கதை, அதற்கென்று கூட்டம் உண்டு. அவர் திறமையாளர் என்பதில் எனக்கு ஐயமில்லை. இரண்டு தமிழ்ப் படங்களை வைத்துக்கொண்டு பாகவதருக்கு இணையாக அவரை நிறுத்துவதைத்தான் ஏற்க மறுக்கிறேன்.

கொட்டகைவாசி:
இணையாக நிறுத்துங்கள் என்று நான் கேட்கவே இல்லை, ஐயா. 'சிந்தாமணி' ஓடிய ஓட்டத்தைச் சொல்லும்போது, இயக்கிய ஒய்.வி. ராவின் பெயர் வரும் அதே வரியில் சிந்தாமணியாக நடித்தவரின் பெயரும் வரட்டும் என்கிறேன். அதற்கு எத்தனை படங்கள் நடித்திருக்க வேண்டும் என்று கணக்கு வைத்திருக்கிறீர்கள்?