‘சிட்டி ஆஃப் காட்’: எடிட்டர் வறுமையைக் காட்டினாரா, அலங்கரித்தாரா?

முகிலன்:
நேற்று ‘சிட்டி ஆஃப் காட்’ (2002) படத்தை நான்காவது முறையாகப் பார்த்தேன். ரியோ டி ஜெனிரோவின் ஏழைக் குடியிருப்பு ஒன்றில் துப்பாக்கி தூக்கும் சிறுவர்களின் கதை. எல்லோரும் இயக்குநர் ஃபெர்னாண்டோ மெய்ரெல்லெஸைப் பற்றியே பேசுகிறோம். என்னைக் கேட்டால் அந்தப் படத்தைக் கட்டி எழுப்பியவர் எடிட்டர் டேனியல் ரெசெண்டே. அவருக்கு இது முதல் முழுநீளப் படம். எடிட்டிங்குக்கு ஆஸ்கர் பரிந்துரையே கிடைத்தது. ஒரு அபார்ட்மென்ட்டின் கதை என்று நடுவில் ஒரு பகுதி வருமே, அதை மட்டும் திரும்பப் பாருங்கள். கேமரா ஒரே மூலையில் நிற்கிறது. ஒரு காட்சி கரைந்து அடுத்தது வர வர ஆட்கள் மாறுகிறார்கள், சுவர் அழுக்கேறுகிறது, அறை இருட்டுகிறது. போதைப்பொருள் வியாபாரம் ஒரு வீட்டுக்குள் குடியேறிய கதை சில நிமிடங்களில் முடிந்துவிடுகிறது.

வெண்ணிலா:
அந்த அறை எனக்கும் பிடிக்கும், முகிலன். ஆனால் படம் முழுக்க அப்படியா இருக்கிறது? கத்தியைக் கல்லில் தீட்டுகிறார்கள், சம்பா தாளம் அடிக்கிறது, கோழி ஓடுகிறது, பின்னாலேயே பையன்கள் துப்பாக்கியோடு ஓடுகிறார்கள். உட்கார்ந்த சூட்டிலேயே ஏழைகளின் தெரு நமக்கு விளையாட்டுத் திடல் ஆகிவிடுகிறது. பிரேசில் இயக்குநர் கிளாபர் ரோஷா 1965இல் ‘பசியின் அழகியல்’ என்று எழுதினார். பசியைக் காட்டும் படம் பார்ப்பவரை உறுத்த வேண்டும் என்பது அவர் வாதம். அதைத் திருப்பிப்போட்டு ‘பசியின் ஒப்பனை’ என்று விமர்சகர் இவானா பென்டெஸ் சொன்னது இந்த மாதிரிப் படங்களைத்தான். ஒப்பனை போட்ட கை எடிட்டருடையதும்தானே?

முகிலன்:
எல்லா இடத்திலும் அந்த வேகம் இல்லையே. இரண்டு பொடியன்களை மடக்கி, ‘கையில் சுடவா, காலில் சுடவா’ என்று கேட்கிற காட்சி ஞாபகம் இருக்கிறதா? சின்னவன் விசும்பிக்கொண்டே கையை நீட்டுகிறான். ரெசெண்டே அந்த முகத்திலிருந்து நம்மைத் தப்பிக்க விடுவதே இல்லை. அதுவரை ஓடிய படம் அங்கே நிற்பதால்தான் நெஞ்சை அடைக்கிறது. அப்புறம் இன்னொன்று: நடித்தவர்களில் பெரும்பாலோர் அந்த மாதிரிக் குடியிருப்புகளிலிருந்தே வந்த பிள்ளைகள். நடிப்புப் பட்டறையில் பழகி, பல வசனங்களைத் தாங்களாகவே பேசினார்கள். அப்படி வந்த காட்சிகளைக் கோத்தெடுப்பது லேசான வேலையா?

ராஜி:
நான் பத்து வருடமாக ஆவணப்படங்கள் எடிட் செய்கிறேன். வேகமா நிதானமா என்பது இரண்டாவது கேள்வி. யாருடைய கண்ணால் பார்க்கிறோம் என்பதுதான் முதல் கேள்வி. அதே ரெசெண்டே எடிட் செய்த ‘எலீட் ஸ்குவாட்’ (2007) படத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். கதையை முதலில் மத்தியாஸ் என்ற இளம் போலீஸ்காரன்தான் சொல்வதாக இருந்தது. எடிட்டிங்கில்தான் போலீஸ் கேப்டன் நாசிமெண்டோவின் குரலுக்கு மாற்றினார்கள். தலையில் பிளாஸ்டிக் பையை மாட்டிச் சித்திரவதை செய்கிற ஆளே நம் காதில் பேசிக்கொண்டிருந்தால், நாம் யார் பக்கம் சாய்வோம்?

என் கதையும் ஒன்று இருக்கிறது. மகனை இழந்த ஒரு அம்மாவின் பேட்டி. கேள்வி கேட்டதும் முந்தானை நுனியை விரலில் சுற்றி, பிரித்து, மறுபடி சுற்றினார். ஒன்பது விநாடி பேச்சே இல்லை. ‘இழுக்குது, தூக்கிடுங்க’ என்றார் தயாரிப்பாளர். தூக்கினேன். படத்தில் அந்த அம்மா கேட்ட உடனே கடகடவென்று பதில் சொல்கிறார். அது அவர் இல்லை.

வெண்ணிலா:
ராஜி அக்கா, அந்த ஒன்பது விநாடியை விட்டுவைத்தவர்களும் பிரேசிலில் இருக்கிறார்களே. அதே 2002இல் வந்த எடுவார்டோ கொட்டீனோவின் ஆவணப்படம் ‘எடிஃபீசியோ மாஸ்டர்’, எடிட்டர் ஜோர்டானா பெர்க். ரியோவின் கோபகபானா பகுதியில் ஒரு பெரிய அடுக்குமாடி. குடியிருப்பவர்கள் பேசுகிறார்கள், அவ்வளவுதான். ஒரு முதியவர் தனக்குப் பிடித்த பழைய ஆங்கிலப் பாட்டைப் போட்டுவிட்டுக் கூடவே பாடி அழுகிறார். பெர்க் அவரைப் பாட விட்டிருக்கிறார்.

முகிலன்:
சரி, நாசிமெண்டோ விஷயத்தில் ராஜி சொல்வதை ஒப்புக்கொள்கிறேன். அந்த முடிவுக்கு எடிட்டரும் பொறுப்புதான். ஆனால் ‘சிட்டி ஆஃப் காட்’டின் கதையைச் சொல்வது கேமரா பிடித்த பையன், துப்பாக்கி பிடித்தவன் இல்லை. இரண்டையும் ஒரே தட்டில் வைக்க மாட்டேன். கூட்டத்தைத் தியேட்டருக்குள் இழுப்பதைக் குற்றம் என்றும் சொல்ல மாட்டேன்.

ராஜி:
கூட்டம் வரட்டும், முகிலன். வந்தவர்களுக்கு முழு மனுஷியைக் காட்டினோமா என்பதுதான் என் கவலை. கொட்டீனோவின் 1984 படம் ஒன்று இருக்கிறது, எடிட்டர் எடுவார்டோ எஸ்கோரல். பரைபா மாநிலத்தில் 1962இல் கொல்லப்பட்ட விவசாயத் தலைவர் ஜோவாவ் பெட்ரோ டெய்ஷேராவைப் பற்றிக் கொட்டீனோ தொடங்கிய படப்பிடிப்பு 1964 ராணுவப் புரட்சியில் நின்றுபோனது. டெய்ஷேராவின் மனைவி எலிசபெத் பெயரை மாற்றிக்கொண்டு தலைமறைவானார். 1981இல் கொட்டீனோ அவரைத் தேடிக் கண்டுபிடிக்கிறார். முதல் நாள் பேட்டியில் மகன் பக்கத்தில் இருக்க, எலிசபெத் ஜாக்கிரதையாகப் பேசுகிறார். ஜனாதிபதிக்கு நன்றிகூடச் சொல்கிறார். கடைசியில் குழு கிளம்பும்போது கார் ஜன்னலோரம் நின்று, போராட்டம் ஓயாது என்று குரல் உயர்த்துகிறார். வீரப் பெண் வேண்டும் என்றால் அந்தக் கார் ஜன்னல் ஒன்றே போதும், முதல் நாளைத் தூக்கியிருக்கலாம். எஸ்கோரல் இரண்டையும் வைத்தார்.