சாமுவேல் பாய்ஸ் கவிதைகளைத் தேட உதவி வேண்டும்

உடைகள் அடகுக்குப் போய்விட, போர்வையில் கை நுழையுமளவு ஓட்டை போட்டு, முழங்காலில் தாளை வைத்து எழுதிய லண்டன் கவிஞர் பாய்ஸ் (1708–1749). துணியை மீட்க, ஆங்கில அகராதி தொகுத்த சாமுவேல் ஜான்சன் ஆறு பென்ஸ் காசுகளாகத் திரட்டித் தந்தாராம். இந்தக் கதை மட்டும் நிலைத்து, கவிதைகள் மறக்கப்பட்டது பெரிய அநியாயம்.

எட்வர்ட் கேவ் நடத்திய ஜென்டில்மேன்ஸ் மேகசின் என்ற லண்டன் மாத இதழில் ‘ஒய்’, ‘அல்சீயஸ்’ என்றே கையெழுத்திட்டார். 1730களின் பிற்பகுதி முதல் 1740கள் வரையிலான தொகுதிகளைப் பார்க்க இரண்டு பேர் வேண்டும். பெயரைத் தேடினால் சிக்காது. அன்றைய அச்சில் சொல் நடுவே வரும் நீண்ட ‘எஸ்’ஸை (ſ) கணினி ‘எஃப்’ என்று படித்துவிடும். கவிதைப் பக்கங்களைக் கண்ணால்தான் புரட்ட வேண்டும். கடிதத் தேதிகளிலும் கவனம்: 1752க்கு முன் இங்கிலாந்தில் சட்டப்படி ஆண்டு பிறந்தது மார்ச் 25. ஜனவரிக் கடிதத்தில் முந்தைய ஆண்டு இருக்கலாம். இருப்பதை அப்படியே குறித்து அனுப்புங்கள்.