முதல் சிங்கிளே வேறு குழுவின் பாட்டிலிருந்து எடுத்தது என்றால் சரியா?

தேக்கா வாசி:
நானும் நண்பனும் அங் மோ கியோ வீட்டில் சின்த் வைத்து எலக்ட்ரானிக் இசை செய்கிறோம். தெரிந்த ராக் குழு ஒன்று தங்கள் பாட்டின் குரல் டிராக்கை மட்டும் தந்தது, அதன் கோரஸை வெட்டி அடியில் புது பேஸ் போட்டதும் பாட்டு ஆளே மாறிவிட்டது. இதையே முதல் வெளியீடாக விடலாமா?

ஈசூன் வாசி:
தாராளமாக விடுங்க தம்பி. பிரான்ஸின் ஜஸ்டிஸ் என்ற எலக்ட்ரானிக் இசை இரட்டையரும் இப்படித்தான் ஆரம்பித்தார்கள். 2003இல் ஒரு ரீமிக்ஸ் போட்டிக்காக சிமியன் என்ற பிரிட்டிஷ் குழுவின் 'நெவர் பி அலோன்' பாட்டை எடுத்து, கோரஸை மட்டும் வைத்துக்கொண்டு மற்றதை எல்லாம் புதிதாகக் கட்டினார்கள். போட்டியில் தோற்றார்கள், ஆனால் பெட்ரோ வின்டரின் எட் பேங்கர் என்ற இசை நிறுவனம் அதை வெளியிட்டது. 2006இல் 'வி ஆர் யுவர் ஃபிரெண்ட்ஸ்' என்று மறுபடி வந்தபோது அதன் வீடியோ எம்டிவி ஐரோப்பா விருதே வாங்கியது! அட்டையில் சிமியன் பெயரும் சேர்ந்தே இருந்தது, எனக்கு அதுதான் ரொம்பப் பிடிக்கும்.

உட்லண்ட்ஸ் வாசி:
பெயர் போட்டால் மட்டும் போதாது. பாடல் எழுதியவரின் உரிமை வேறு, ஒலிப்பதிவின் உரிமை வேறு, இரண்டுக்கும் எழுத்தில் அனுமதி வாங்குங்க. எழுதியவர் இங்கே சிங்கப்பூரில் பாடல் உரிமைகளைக் கவனிக்கும் காம்பஸ் சங்கத்தில் உறுப்பினரா என்றும் கேளுங்க. அப்புறம், வருமானப் பங்கை வெளியிடும் முன்பே பேசி முடிங்க.

தேக்கா வாசி:
நன்றி அண்ணே. இன்றே அந்தக் குழுவிடம் பேசுகிறேன்.